ஐந்தருவி கொண்டுபோன முடி

பிள்ளையை நாலு பேர் முன்னால் கேலி செய்கிற தகப்பன், தன்னைப் பெரிய நகைச்சுவைக்காரன் என்று நம்புகிறான். நானும் நம்பினேன். நாலு பேர் சிரித்தால் போதும் எனக்கு. அந்தச் சிரிப்பில் யார் குன்றிப்போய் நிற்கிறார்கள் என்று திரும்பிப் பார்க்கிற பழக்கம் கிடையாது. ஐந்தருவி ஒரே காலையில் அதைப் பழக்கிவிட்டது.

முதலில் என் தலையைப் பற்றிச் சொல்லிவிட வேண்டும். பன்னிரண்டு வருடம் துபாயில் ஒரு கிடங்கில் வேலை பார்த்தேன். அங்கே உச்சியில் ஆரம்பித்து எல்லாம் கொட்டிவிட்டது. அந்த ஊர்த் தண்ணீர்தான் காரணம் என்று நான் சொல்வேன். (என்னைப் பெற்ற அத்தாவின் பழைய போட்டோவைப் பார்த்தவர்கள் தண்ணீரைக் குறை சொல்ல மாட்டார்கள்.) அங்கேயே ஒரு டோப்பா முடி வாங்கி, டேப் போட்டு ஒட்டி மாட்டிக்கொண்டேன். என் மகள் சபீனா பிறந்ததில் இருந்து என்னைப் பார்த்ததெல்லாம் செல்போன் திரையில்தான். அந்தத் திரையில் இருந்த மனிதனுக்கு நெற்றியில் சுருள் சுருளாக முடி விழுந்து கிடக்கும். ஊரோடு வந்து சேர்ந்தபோது அந்த மனிதனாகவே வந்து இறங்கினேன்.

வெளியே போனால் டோப்பா, வீட்டுக்குள் தொப்பி. தூங்கும்போதுகூடத் தொப்பியைக் கழற்றுவதில்லை. தெருவில் எனக்கு மிகுந்த பக்திமான் என்று பெயர் வந்துவிட்டது. உண்மை தெரிந்த ஒரே ஆள் என் மனைவி மெஹர்.

சபீனாவுக்கு அப்போது ஏழு வயது. அவளுக்கும் ஒரு ரகசியம் இருந்தது. வாரத்தில் ஒன்றிரண்டு நாள் தூக்கத்தில் படுக்கையை நனைத்துவிடுவாள். காலையில் எழுந்ததும் மெஹர் எதுவும் பேசாமல் விரிப்பை உருவித் துவைக்கப் போட்டுவிடுவாள். நான்தான் பேசுவேன். "ஏழு கழுதை வயசாச்சு, இன்னுமா?" என்பேன். அப்படிச் சொன்னால் ரோஷம் வந்து திருந்திவிடுவாள் என்பது என் கணக்கு. அவள் திருந்தவில்லை. அடுத்த வாரமும் நனைத்தாள்.

அந்த வருடம் எங்கள் தென்காசிப் பக்கம் சாரல் நன்றாக விழுந்தது. மெஹரின் அண்ணன் காதர் மச்சான் குடும்பத்தோடு மதுரையில் இருந்து வந்திருந்தார். எல்லாரும் காரில் ஐந்தருவிக்குப் போனோம். மெஹரும் மச்சான் மனைவியும் பெண்கள் பக்கம் போனார்கள். சின்னப் பிள்ளைகள்தானே என்று சபீனாவையும் மச்சான் மகள் ரிஸ்வானாவையும் நாங்கள் ஆண்கள் பக்கம் கூட்டிக்கொண்டோம். போகும்போது மெஹர் என் காதில் சொன்னாள்: "நீங்க தண்ணி பக்கமே போவாதீங்க. பிள்ளையவும் கட்டாயப்படுத்தாதீங்க."

இரண்டில் ஒன்றைக்கூட நான் கேட்கவில்லை.

ரிஸ்வானா போன வேகத்தில் அருவிக்கடியில் நின்று கத்திக்கொண்டிருந்தாள். அவளும் சபீனா வயதுதான். சபீனா என் சட்டையைப் பிடித்துக்கொண்டு படியிலேயே நின்றாள். சத்தமே அவளுக்குப் பயமாக இருந்தது.

"போ, ஒண்ணும் செய்யாது."

"வேண்டாம் அத்தா."

"ரிஸ்வானாவப் பாரு. ஒன் வயசுதான அவளுக்கும்?"

"எல்லாரும் பாக்காங்க அத்தா. மெதுவாப் பேசுங்க."

ஒரு நல்ல தகப்பன் அந்த இடத்தில் நிறுத்தியிருப்பான். எனக்கோ, 'எல்லாரும் பாக்காங்க' என்பது மைக்கைக் கையில் கொடுத்த மாதிரி ஆகிவிட்டது. எண்ணெய் தேய்த்துக்கொண்டு வரிசையில் நின்ற ஏழெட்டுப் பேர் எங்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்கள். ஈரத் தலையோடு ரிஸ்வானாவும் வந்து நின்றாள். நான் குரலை உயர்த்திச் சொன்னேன்: "இங்கன அருவியக் கண்டா இவளுக்குப் பயமாம். ராத்திரி மெத்தையில மட்டும் ஐந்தருவியும் சேர்ந்து ஓடுது!"

நல்ல சிரிப்பு. எண்ணெய்க்காரர்களில் ஒருவர் கையைத் தட்டினார். ரிஸ்வானா வாயைப் பொத்திக்கொண்டு, "இன்னும் படுக்கையிலயா போற?" என்று சபீனாவைக் கேட்டாள்.  சபீனா என் சட்டையைப் பிடித்திருந்த கையை எடுத்துவிட்டாள். அவ்வளவுதான். அதை நான் கவனித்தேன் என்பதுதான் இன்றைக்கும் என்னைக் குத்துகிறது. கவனித்துக்கொண்டே சிரித்தேன்.

காதர் மச்சான் துண்டை இடுப்பில் இறுக்கிக் கட்டினார். "பிள்ளைய இவ்வளவு சொல்லுதீங்களே மச்சான், நீங்க நனைஞ்சு நா பாத்ததே இல்லயே?"

"எனக்கு சைனஸ் மச்சான்."

"அப்ப பயம் பிள்ளைக்கு இல்ல, ஒங்களுக்குத்தான்" என்றார். எண்ணெய்க்காரர்கள் இப்போது என்னைப் பார்த்துச் சிரித்தார்கள். சற்றுமுன் எனக்கு இனித்த அதே சிரிப்பு.

ரோஷம் யாரைத் திருத்துமோ தெரியாது, என்னைத் தண்ணீருக்குள் தள்ளிவிட்டது. சட்டையைக் கழற்றினேன். ஓரமாக நின்று தோளை மட்டும் நனைத்துவிட்டு வந்துவிடலாம் என்று திட்டம். பின்னால் நின்ற கூட்டத்துக்கு என் திட்டம் தெரியாதே. "உள்ள போங்க அண்ணாச்சி, வழிய மறைக்காதீங்க" என்று ஒரே தள்ளு. நட்ட நடுவில் போய் நின்றேன்.

முதலில் உலகம் இருட்டியது. டோப்பா கண்ணுக்கு இறங்கிவிட்டது என்று புரிந்து கையைத் தூக்குவதற்குள் வெளிச்சம் வந்துவிட்டது. அந்த வெளிச்சத்தைப் போல நான் வெறுத்த வெளிச்சம் வேறில்லை.

"ஏலே, காலுக்குள்ள ஏதோ சுத்துதுலே! கீரி! கீரி!" என்று ஒருவர் துள்ளினார். அவரைச் சுற்றி நின்ற பத்துப் பேரும் துள்ளினார்கள். கூட்டத்தை ஒழுங்குபடுத்திக்கொண்டிருந்த போலீஸ்காரர் விசில் ஊதிக்கொண்டு வந்து, அந்தக் கீரியைத் தன் கம்பின் நுனியில் தூக்கினார். தண்ணீர் சொட்டச் சொட்ட அது தொங்கியது. அவர் நல்ல மனிதர். தொலைந்த பொருளை உரியவரிடம் சேர்க்க வேண்டும் என்று நினைத்திருக்கிறார். கம்பை உயர்த்திப் பிடித்து, அருவிச் சத்தத்தையும் மீறிக் கேட்டார்: "இது யாரோடது? யாராவது தலைமுடியத் தொலைச்சிருக்கீங்களா?"

வழுக்கைத் தலையோடு அங்கே ஏழெட்டுப் பேர் நின்றார்கள். அவர்களோடு கலந்துவிடலாம் என்று பார்த்தேன். போலீஸ்காரர் பார்வை என்மேல் நின்றது.

"ஒங்களோடதா அண்ணாச்சி?"

"இல்ல சார். எனக்குத் தெரியாது" என்றேன், திடமாக.

அப்போது ரிஸ்வானா எல்லாருக்கும் கேட்கிற மாதிரி சொன்னாள்: "மாமா, ஒங்க தலையில ரெண்டு பக்கமும் டேப்பு ஒட்டிருக்கு!"

ஐந்தருவியில் அன்றைக்கு விழுந்த தண்ணீரின் சத்தம் எனக்குக் கேட்கவில்லை. சிரிப்புச் சத்தம்தான் கேட்டது. காதர் மச்சான் கைப்பிடிக் கம்பியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தேவிட்டார். இரண்டு பேர் செல்போனைத் தூக்கினார்கள். நான் இரண்டு கையாலும் தலையை மூடிக்கொண்டு நடந்தேன். எங்கே போகிறேன் என்றுகூடத் தெரியவில்லை.

படியில் சபீனா நின்றிருந்தாள். சிரிக்கவில்லை. தன் தோளில் கிடந்த துண்டை எடுத்து விரித்தாள்.

"குனிங்க அத்தா."

குனிந்தேன். தலையில் துண்டைப் போட்டு, காதுப்பக்கம் இழுத்துவிட்டாள். பிறகு என் முகத்தை உற்றுப் பார்த்தாள்.

"அழுகை வருதா அத்தா? மூஞ்சில தண்ணிய ஊத்திக்கிடுங்க. அப்பம் யாருக்கும் தெரியாது. நா அப்படித்தான் செய்வேன்."

ஏழு வயதுப் பிள்ளைக்கு இந்த உபாயம் எப்படித் தெரியும் என்று யோசித்தேன். யோசிக்க அதிக நேரம் ஆகவில்லை. படுக்கை நனைந்த காலைகளில், நான் பேசி முடித்த பிறகு, அவள் குழாயடிக்குப் போய் முகம் கழுவுவதை எத்தனை முறை பார்த்திருக்கிறேன். சுத்தமான பிள்ளை என்று நினைத்திருக்கிறேன்.

டோப்பாவை அங்கேயே விட்டுவிட்டு வந்தோம். காரில் மெஹர் விஷயம் கேட்டு, என் தலையைப் பார்த்துச் சிரித்தாள். ரிஸ்வானா மிச்சத்தையும் சொன்னதும் சிரிப்பு நின்றுவிட்டது. என்னைத் திட்டுவாள் என்று எதிர்பார்த்தேன். திட்டியிருந்தால் நன்றாக இருந்திருக்கும். சபீனாவை மடியில் இழுத்துப் போட்டுக்கொண்டு ஜன்னல் பக்கம் திரும்பிவிட்டாள்.

மேலகரம் தாண்டும்போது என்னால் முடியவில்லை. காரை ஓரமாக நிறுத்தினேன்.

"ரிஸ்வானா, ஒனக்கு ஒண்ணு சொல்லணும்" என்றேன். "நானும் படுக்கைய நனைச்சிருக்கேன். பத்து வயசு வரைக்கும்."

 மெஹருக்குக்கூட இது தெரியாது. என் அத்தா அந்த ஈரப்பாயைக் கொண்டுபோய் வாசல் சுவரில், தெரு பார்க்கக் காயப்போடுவார். பள்ளிக்கூடம் போகிற பையன்கள் எல்லாரும் அதைப் பார்த்துக்கொண்டு போவார்கள். அவர்கள் போய் முடிகிறவரை நான் கதவுக்குப் பின்னால் நிற்பேன். எல்லாவற்றையும் சொன்னேன். அந்தப் பாயை மறந்துவிட்டதாகத்தான் அதுவரை நினைத்திருந்தேன்.

பிறகு பின்பக்கம் திரும்பினேன். "சபீனா, அத்தா செஞ்சது தப்பு. ஒன்னப் பத்தி நா அங்கன அப்படிச் சொல்லிருக்கக் கூடாது. என்ன மன்னிச்சிரு."

அவள் அம்மாவின் துப்பட்டாவில் முகத்தைப் புதைத்துக்கொண்டாள். மன்னித்தாளா என்று தெரியவில்லை. வீடு வருகிறவரை பேசவில்லை, மறுநாளும் பேசவில்லை. ஒரு மன்னிப்பில் எல்லாம் சரியாகிவிடும் என்று நினைத்த எனக்கு அது நல்ல பாடம். அவள் பழையபடி என் கையைப் பிடிக்க ரொம்ப நாள் ஆனது. பிள்ளைகள் டாக்டரிடம் காட்டினோம். இந்த வயதில் இது சாதாரணம், திட்டாதீர்கள் என்றார். அதன்பிறகு நான் எழுந்து விரிப்பை மாற்றினேன், வாயைத் திறக்காமல். அது எப்போது நின்றது என்று எங்கள் வீட்டில் யாருக்கும் தெரியாது. யாரும் கவனிக்கவில்லை. அதற்குப் பிறகு என் தலையும் வெறும் தலையாகவே தென்காசி கடைத்தெருவில் நடமாடுகிறது.

இப்போது சபீனாவுக்குப் பதின்மூன்று வயது. எங்கள் சொந்தத்தில் எந்தக் கல்யாணம் என்றாலும் பிரியாணிக்குக் கூடவே என் கதையும் பரிமாறப்படும். காதர் மச்சான் சொல்லச் சொல்ல அது வளர்ந்துவிட்டது. டோப்பா சிற்றாற்றில் விழுந்து, தாமிரபரணியில் சேர்ந்து, கடலுக்குப் போய்விட்டதாகச் சொல்கிறார். கூடவே அதைத் திருப்பிக் கொடுக்க என்னை ஒரு சுறாமீன் தேடுவதாகவும் போன வருடம் சேர்த்துக்கொண்டார். நானும் சிரிப்பேன். சிரிக்க வேண்டியதுதான்.

போன மாதம் செங்கோட்டையில் ஒரு கல்யாண வீடு. கதை உச்சத்துக்கு வந்தபோது, மச்சான் எதிர் வரிசையைப் பார்த்துக் கேட்டார்: "ஏ சபீனா, நீதான பக்கத்துல நின்ன? ஒங்க அத்தா மூஞ்சி அன்னைக்கு எப்படி இருந்துச்சு, சொல்லு பாப்போம்."

பந்தி முழுக்க அவளைத் திரும்பிப் பார்த்தது. சபீனா நிதானமாக வாயில் இருந்ததை விழுங்கினாள்.

"நா அன்னைக்கு அம்மாகூடப் பெண்கள் பக்கம் நின்னேன் மாமா. எனக்கு ஒண்ணும் தெரியாது."

பச்சைப் பொய். பிறகு கிண்ணத்தை என் பக்கம் நகர்த்தி, "அத்தா, தயிர்ப்பச்சடி வேணுமா?" என்று கேட்டாள்.

வேண்டும் என்று தலையை ஆட்டினேன்.