விக்டோரியாவின் போனில் இடம் காலி செய்தது

கர்த்தருக்குள் மரியாதைக்குரிய சகலை மோசஸ் அண்ணன் அவர்களுக்கு,

கும்மிடிப்பூண்டியிலிருந்து ஜெயராஜ் கைகூப்பி எழுதிக்கொள்வது. இங்கே நாங்கள் சுகம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன். அது எப்படிப்பட்ட சுகம் என்பதை முழுவதும் படித்துவிட்டு நீங்களே முடிவு செய்துகொள்ளுங்கள். திருவள்ளூரில் தாங்கள் நிச்சயம் சுகமாக இருப்பீர்கள். ஒரு வாரத்துக்கு மேலாக உங்கள் வீட்டில் உங்களை யாரும் ஒரு கேள்வியும் கேட்டிருக்க மாட்டார்கள். கேட்கிறவர் இங்கே இருக்கிறார்.

போனில் பேசாமல் இந்தக் காலத்தில் ஏன் லெட்டர் என்று நினைப்பீர்கள். உங்கள் மகள் பிரின்சியின் கல்யாண ஆல்பம் கைக்கு வந்த அன்று கோபத்தில் உங்கள் நம்பரை பிளாக் செய்தேன். கோபம் போய்விட்டது, பிளாக் போகவில்லை. நீங்களும் என்னை அப்படியே செய்து வைத்திருப்பதாகத் தங்கள் வீட்டு ஞானம்மா அண்ணி சொல்கிறார். பெண்ணின் சொந்தச் சித்தியான என் மனைவி விக்டோரியா அந்த ஆல்பத்தில் ஒரு தோளாகவும் ஒரு கைப்பையாகவும் மட்டுமே இடம்பெற்றதையோ, அந்தப் படங்களைத் தேர்ந்தெடுத்தவர் தாங்கள் என்பதையோ நான் இப்போது நினைவுபடுத்தப் போவதில்லை. அது முடிந்துபோன விஷயம். கைப்பை மிகத் தெளிவாக விழுந்திருந்தது என்பதை மட்டும் சொல்லிவிட்டு மேலே போகிறேன். அன்றிலிருந்து நான்கு வருடமாக அக்காவும் தங்கையும் பேசவில்லை, உங்கள் வாசலை மிதிப்பதில்லை என்று நான் சொன்னேன், அந்தச் சொல்லில் இன்றும் நிற்கிறேன். அதனால்தான் தாங்கள் இங்கே வந்தாக வேண்டியிருக்கிறது.

விஷயத்துக்கு வருகிறேன். எல்லாம் எங்கள் கம்பெனியால் வந்த வினை. நான் சிப்காட்டில் ஒரு கம்பிக் கம்பெனியின் எடைமேடையில் லாரி எடை போடுகிறவன் என்பது தங்களுக்குத் தெரியும். இத்தனை வருடமும் கேட்டில் ஒரு நோட்டில் கையெழுத்துப் போட்டுவிட்டு உள்ளே போனோம். போன மாதம் ஒரு புது மேனேஜர் வந்தார். இனிமேல் ஒவ்வொருவரும் தன் போனில் ஒரு ஆப் இறக்கி, கேட்டில் நின்று தன் முகத்தைக் காட்டினால்தான் வந்ததாகக் கணக்கு என்றார். என்னிடம் இருப்பது பட்டன் போன். அதற்கு நம் முகத்தைப் பார்க்கும் வழக்கம் இல்லை. ஆகவே விக்டோரியாவின் பெரிய போனை இரவல் கேட்டேன். கொடுத்தாள். கொடுக்கும்போது, "பத்தரமா எத்துக்கினு போய் பத்தரமா கொணாந்துடுங்க, உள்ள எதையும் நோண்டாதீங்க" என்றாள். நோண்டக் கூடாது என்று சொன்னதை நான் முழு மனதோடுதான் கேட்டுக்கொண்டேன்.

கேட்டில் நின்று ஆப்பை இறக்கப் போனால், போனில் இடமில்லை என்று வந்தது. பின்னால் ஷிப்டுக்கு வந்தவர்கள் வரிசையில் நிற்கிறார்கள். எனக்குப் பின்னால் நின்றவன் லோகு. கிரேன் ஓட்டுகிறவன், என் வயதுதான், போன் விஷயத்தில் தெரியாதது ஒன்றுமில்லை என்று அவனே எல்லோரிடமும் சொல்லியிருக்கிறான். போனை வாங்கிப் பார்த்தவன், "இன்னா நைனா இது, போனா திருவிழாவா?" என்றான். பார்த்தேன். அண்ணா, நான் கட்டிய மனைவியை எனக்குத் தெரியாது என்று அன்றுதான் தெரிந்தது. பழங்களை வரிசையாக உடைக்கிற விளையாட்டு ஒன்று, பஸ் ஓட்டுகிற விளையாட்டு ஒன்று, பூனைக்குப் பல் விளக்குகிற விளையாட்டு ஒன்று, தண்ணீரில் மூழ்கும் ராஜாவைக் காப்பாற்றுகிற விளையாட்டு ஒன்று, தாயம் மட்டும் மூன்று விதம். இவளுக்கு இதெல்லாம் தெரிந்திருக்காது, விளம்பரத்தில் இருக்கும் பெருக்கல் குறியை அழுத்தும்போது தானாக இறங்கிக் குடியேறியிருக்கும் என்று நான் அவளுக்காகப் பரிந்து பேசினேன். அந்தப் பரிவுதான் என்னைக் கெடுத்தது. வேண்டாத விருந்தாளிகளைத் துரத்துவது நல்ல காரியம்தானே என்று நினைத்துவிட்டேன்.

முதலில் நானே ஒவ்வொன்றாக அழுத்திப் பிடித்து மேலே இழுத்துத் தள்ளினேன். எல்லாம் மறைந்தது. மறுபடி ஆப்பை இறக்கினால், மறுபடி இடமில்லை. லோகு சிரித்தான். "மூஞ்சிலேர்ந்து எட்த்தா போதாது நைனா, வவுத்துலேர்ந்து எடுக்கணும்" என்று சொல்லி, செட்டிங்ஸுக்குள் போய், பூனையை எடுத்தான், பஸ்ஸை எடுத்தான், ராஜா மூழ்கட்டும் என்று விட்டான். கடைசியில் அந்தப் பழம் உடைக்கிற விளையாட்டு. அதுதான் எல்லாவற்றிலும் பெரிதாக இடத்தை அடைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தது. நீக்கினால் இதிலுள்ள எல்லாம் அழிந்துபோகும், சம்மதமா என்று அது பணிவாகக் கேட்டது. "கேக்குது பாரு, மரியாதை தெரிஞ்ச விளையாட்டு" என்று லோகு சொன்னான். நான் சம்மதம் என்று என் விரலாலேயே அழுத்தினேன். பழி லோகு மேல் போகக் கூடாது என்பதற்காக இதை எழுதுகிறேன்.

ஆப் இறங்கியது. முகத்தைக் காட்டு என்றது. போன் லோகுவின் கையில் இருந்தது. அவன் அதை எப்படிப் பிடித்தானோ, ஜெயராஜ் என்ற பெயருக்கு நேராக லோகுவின் முகம் பதிவாகிவிட்டது. மறுநாளிலிருந்து நான் வேலைக்கு வந்தேன் என்பதற்கு லோகு கேட்டுக்கு வந்து முகம் காட்ட வேண்டியதாயிற்று. நான் நேரில் நின்றால் அது, முகம் பொருந்தவில்லை என்கிறது. அவன் ஷிப்டு மாறிய அன்று நான் கம்பெனிக்கே வரவில்லை என்று ஆகிவிட்டது, எடை போட்ட லாரிகளெல்லாம் தாங்களே எடை போட்டுக்கொண்டன போலிருக்கிறது.

அது கம்பெனிக் கதை. வீட்டுக் கதை வேறு. அன்று சாயங்காலம் போனைக் கையில் வாங்கிய விக்டோரியா ஒரு நிமிடம் பார்த்தாள். "எங்கே?" என்றாள். "எது எங்கே?" என்றேன். அதன் பிறகு அவள் பேசவில்லை. சோறு போட்டாள், குழம்பு ஊற்றினாள், அப்பளம்கூடப் பொரித்தாள், பேச மட்டும் இல்லை. திட்டியிருந்தால் பதில் சொல்லியிருப்பேன். மறுநாள் காலையில் அடுப்படியில் நின்று அழுதுகொண்டிருந்தாள். ஒரு விளையாட்டுக்காக ஒரு பொம்பளை அழுவாளா என்று எனக்குச் சிரிப்புக்கூட வந்தது. நல்ல வேளை, சிரிக்கவில்லை. போனை வாங்கி அந்தப் பழ விளையாட்டை மறுபடி இறக்கிக் கொடுத்தேன். அது அவளை முன்பின் பார்க்காத மாதிரி, வருக வருக, இதுதான் முதல் லெவல், பழத்தை இப்படி நகர்த்த வேண்டும் என்று கை காட்டிச் சொல்லிக்கொடுத்தது. அவள் ஆயிரம் லெவலைத் தாண்டியவளாம். அதைப் பார்த்ததும் இன்னும் அழுதாள்.

"லெவலு போனா போவுதுங்க. அக்கா இருந்திச்சு அதுல" என்றாள்.

எனக்குப் புரியவில்லை. பிறகு மெல்ல மெல்லச் சொன்னாள். பிரின்சி கல்யாணத்துக்கு முன்னாலேயே சர்ச் மாதர் சங்கத்துப் பெண்கள் சிலர் சேர்ந்து அந்த விளையாட்டுக்குள் ஒரு கூட்டம் அமைத்திருக்கிறார்கள். ஆட்டத்தில் ஒருவருக்கு உயிர் தீர்ந்துபோனால் கூட்டத்தில் இருப்பவர்கள் உயிர் அனுப்பலாம். ஆல்பத்துக்குப் பிறகு அக்காவும் தங்கையும் முறைத்துக்கொண்டார்கள், ஆனால் கூட்டத்தை விட்டு இரண்டு பேருமே விலகவில்லை. தினமும் காலையில் ஞானம்மா அண்ணி உயிர் கேட்பார். இவள் அனுப்புவாள். சாயங்காலம் இவள் கேட்பாள். அவர் அனுப்புவார். நான்கு வருடமாக, ஒரு நாள் விடாமல்!

"பேச மாட்டேன்னு சொன்னியே?" என்றேன்.

"பேச மாட்டேன்னுதான் சொன்னேன். உயிர் அனுப்ப மாட்டேன்னு எப்போ சொன்னேன்?" என்றாள்.

அண்ணா, நீங்களும் நானும் எவ்வளவு நேர்மையாகச் சண்டை போட்டுக்கொண்டிருந்தோம் என்று நினைத்துப் பாருங்கள். எதிரிகள் இரண்டு பேரும் நமக்குத் தெரியாமல் ஒருவரை ஒருவர் பிழைக்கவைத்துக் கொண்டிருந்திருக்கிறார்கள்.

பழைய கூட்டத்தில் மறுபடி சேரலாமே என்றேன். அதற்கும் ஏதோ லெவல் வரை ஏறினால்தான் சேர்ப்பார்களாம். அவளும் கண்ணைத் துடைத்துக்கொண்டு ஆடினாள். ஆனால் போன் பகலில் என்னோடு கம்பெனிக்கு வந்துவிடும். எடைமேடையில் போன் சத்தம் வரக் கூடாது என்பதால் அதை ஊமையாக்கிப் பையில் வைப்பேன். ஒரு தெரியாத நம்பரிலிருந்து விடாமல் கால் வந்திருந்தது. தெரியாத நம்பரை எடுத்தால் பேங்க் கணக்கையே துடைத்துவிடுவார்கள் என்று லோகு சொல்லியிருந்ததால் நான் எடுக்கவில்லை. அது அண்ணியின் நம்பர். கோபத்தில் விக்டோரியா எப்போதோ அதை அழித்திருந்தாள்.

அடுத்து நடந்தது தாங்கள் அறியாதது. அண்ணி தங்களிடம் பேரம்பாக்கத்துக்கு ஜெபக்கூட்டம் என்று சொல்லிவிட்டுக் கிளம்பினாராம். அந்தக் கூட்டம் இன்னும் முடியவில்லை என்று தினமும் தங்களுக்குப் போனில் சொல்வதும் இங்கிருந்துதான். காலை மின்சார ரயிலில் ஏறி, பேசின் பிரிட்ஜில் இறங்கி, எங்கள் ரயில் பிடித்து, வெள்ளைப் புடவையில், கையில் வேதாகமத்தோடு, எங்கள் தெருமுனையிலிருந்தே, "ஐயோ விக்டோரீ, என்ன உட்டுட்டுப் பூட்டியேடீ" என்று மாரில் அடித்துக்கொண்டு வந்திருக்கிறார். எனக்கு ராத்திரி ஷிப்டாக மாறியிருந்தது, அதை முடித்துத் தூங்கிக்கொண்டிருந்தேன். விக்டோரியா கடைக்குப் போயிருந்தாள். இவர் அழுகிற அழுகையைக் கேட்டுத் தெருவே கூடிவிட்டது. எதிர் வீட்டுப் பாஸ்கர், பந்தலும் நாற்காலியும் வாடகைக்கு விடுகிறவர். ஒரு வார்த்தை கேட்காமல் நாற்காலிகளை இறக்கி எங்கள் வாசலில் போட ஆரம்பித்துவிட்டார். நான் லுங்கியோடு கதவைத் திறந்து வெளியே வந்ததும் இரண்டு பேர் பின்வாங்கினார்கள். போனவன் நான் என்று அவர்களாக முடிவு செய்திருந்தார்கள். பாஸ்கர் மட்டும் பதறாமல், "அப்போ யாருங்க?" என்று கேட்டார்.

அந்த நேரத்தில் விக்டோரியா கீரைக்கட்டோடு திரும்பி வந்தாள். அண்ணி அழுகையைப் பாதியில் நிறுத்தினார். இருவரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள்.

"நாலு நாளா உன்கிட்டேர்ந்து உயிர் வர்லியேடீ" என்றார் அண்ணி. "போன் பண்ணா எடுக்கல. நான் இன்னான்னு நெனைக்கிறது?"

விக்டோரியா கீரையைக் கீழே போட்டுவிட்டு ஓடிப்போய்க் கட்டிக்கொண்டாள். இரண்டு பேரும் அழுத அழுகையில் பாஸ்கரே கண்ணைத் துடைத்துக்கொண்டார். என் கண்ணிலும் ஏதோ விழுந்தது, எங்கள் ஊரில் இரும்புத் தூசி அதிகம். போட்ட நாற்காலியை எடுக்க மனமில்லாமல் தெருவே உட்கார்ந்து டீ குடித்துவிட்டுப் போனது.

இதுவரை எல்லாம் சந்தோஷம். ஆனால் அண்ணா, நான்கு வருடப் பேச்சு பாக்கி இருக்கிறது அல்லவா? அதை அவர்கள் என் வீட்டில் உட்கார்ந்து தீர்க்கிறார்கள். காலை நாஷ்டாவில் ஆரம்பித்தால் படுக்கும்வரை ஓயவில்லை. கட்டில் அவர்களுக்கு, மின்விசிறி அவர்களுக்கு, எனக்கு ஹாலில் பாய். ராத்திரி ஷிப்டு முடித்து வந்து பகலில் கண்ணை மூடினால் பேச்சு நின்றுபோய்க் குசுகுசு என்று ஆகும். அந்தக் குசுகுசு முழுக்க என்னைப் பற்றி. நான் குறட்டை விடும் விதம், நான் சாம்பாரில் உருளைக்கிழங்கு தேடும் விதம், எல்லாவற்றுக்கும் அண்ணி, "இவரும் அப்டித்தான்டீ" என்கிறார். அதாவது தாங்கள். ஆகவே தங்களைப் பற்றியும் இங்கே எனக்கு எல்லாம் தெரியும், மேற்கொண்டு எழுதவில்லை.

இதில் பெரிய வேடிக்கை, நேற்று கம்பெனியில் அந்த ஆப்பையே நிறுத்திவிட்டார்கள். பாதிப் பேருக்கு வேறொருவர் முகம் பதிவாகியிருந்ததாம். பழையபடி நோட்டில் கையெழுத்து. நான் காலி செய்த இடம் இப்போது யாருக்கும் தேவைப்படவில்லை.

ஆகையால் மிகுந்த தாழ்மையோடு கேட்டுக்கொள்கிறேன். தாங்கள் இந்த லெட்டர் கண்டதும் புறப்பட்டு வந்து அண்ணியை மரியாதையாக அழைத்துக்கொண்டு போகவும். இனி நான் தூங்க வேண்டும். தாங்கள் வந்தால் நான் பழையதைப் பேச மாட்டேன், டீயும் உண்டு. நான் அங்கே வர முடியாது, காரணம் மேலே இருக்கிறது.

பிரின்சிக்கும் மாப்பிள்ளைக்கும் எங்கள் ஆசீர்வாதம். தங்கள் முழங்கால் வலிக்காக விக்டோரியா ஜெபிக்கிறாள், நானும் நேரம் கிடைக்கும்போது.

இப்படிக்கு,
தங்கள் அன்புள்ள சகலை
ஜெ. ஜெயராஜ்

பின்குறிப்பு: மேலே கண்ட எதையும் கணக்கில் எடுக்க வேண்டாம். லெட்டரை மேஜை மேல் வைத்துவிட்டு ஸ்டாம்ப் வாங்கப் போன நேரத்தில் இரண்டு பேரும் படித்துவிட்டார்கள். "எங்க அக்காவ துரத்த லெட்டர் எழுதிக்கினு கீறியா?" என்றாள் விக்டோரியா. அவ்வளவுதான், இரண்டு பேரும் பையை எடுத்துக்கொண்டு ஷேர் ஆட்டோவில் ஸ்டேஷனுக்குப் போய்விட்டார்கள். இது தங்கள் கைக்கு வரும்போது அவர்கள் தங்கள் வீட்டுக் கட்டிலில் இருப்பார்கள், தாங்கள் ஹாலில் பாயில் இருப்பீர்கள். நேற்றிலிருந்து இங்கே ஒரு சத்தமும் இல்லை. நான் கேட்டது இதைத்தான். கட்டிலில் படுத்தேன், மின்விசிறி ஓடியது, தூக்கம் மட்டும் வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை லீவு சொல்லிவிட்டேன். ஆராதனை முடியும் நேரத்துக்குத் திருவள்ளூர் வந்து சேர்வேன். நீங்கள் வீடு மாறிவிட்டீர்களாம், எனக்கு வழி தெரியாது. முழங்கால் வலி அதிகமில்லை என்றால் ஸ்டேஷன் வாசலில் நில்லுங்கள் அண்ணா. எனக்கு முன்பக்கம் முடி முழுக்கக் கொட்டிவிட்டது, உங்களுக்கு அடையாளம் தெரியாமல் போகலாம். பரவாயில்லை, நானே வந்து கூப்பிடுகிறேன்.