துவாரமில்லாத கதவும் மச்சான் கொடுத்த போனும்

என் பாசத்துக்கும் கேலிக்கும் சமபங்கு உரிமையுள்ள மச்சானுக்கு,

உன் அத்தான் எழுதும் கடிதம். உன் அக்கா சௌக்கியம். நானும் சௌக்கியம். நீ கொடுத்துவிட்டுப் போன போனைத் தவிர இந்த வீட்டில் எல்லாமே சௌக்கியம். அங்கே நீயும் உன் புது போனும் ஒருவரை ஒருவர் பார்த்துக்கொண்டு நன்றாகத்தான் இருப்பீர்கள்.

முதலில் ஒரு வெட்கக்கேட்டைச் சொல்லிவிடுகிறேன். வேறு யார் வாயிலாவது கேட்டால் நீ கூடுதலாகச் சிரிப்பாய். ஊருக்கெல்லாம் பூட்டுத் திறந்து கொடுக்கிற நான், கொஞ்ச நாளாக என் சொந்த வீட்டுக்குள் நுழைய மேல்மாடி நர்ஸம்மாவின் முதுகுக்குப் பின்னால் ஒளிந்து நிற்கிறேன். அவர் டியூட்டி முடிந்து வருகிற நேரம் பார்த்துக் கடை ஷட்டரை இழுத்து விட்டுவிட்டு ஓடிவருவேன். அவர் வாசல் கதவைத் திறந்ததும் பின்னாலேயே சரக்கென்று உள்ளே போய்விடுவேன். முந்தாநாள் அந்தம்மா திரும்பி நின்றுவிட்டார். "அண்ணே, நீங்க முன்னாடி போங்க. பின்னாடி காலடிச் சத்தம் கேட்டா எனக்கு பக்குனு இருக்கு" என்றார். "நான் முன்னாடி போனா கதவு திறக்காதும்மா" என்றேன். அவர் சிரித்த சிரிப்பு மூன்று மாடிக்கும் கேட்டது.

விஷயம் இதுதான். எங்கள் வீட்டுக்காரர் வாசல் கதவுக்குப் புதுப் பூட்டு போட்டிருக்கிறார். அதைப் பூட்டு என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. பூட்டு என்றால் ஒரு துவாரம் வேண்டாமா? இது கறுப்பாக, வழவழவென்று, சோப்புப் பெட்டி மாதிரி இருக்கிறது. போனில் ஒரு ஆப் போட்டுக்கொண்டு கதவுக்கு முன்னால் நின்று தட்டினால் திறக்குமாம். நான் குனிந்து பார்த்தேன், டார்ச் அடித்துப் பார்த்தேன், விரலால் சுற்றித் தடவியும் பார்த்தேன். ஒரு ஊசி நுழைய இடமில்லை மச்சான். வீட்டுக்காரர் இடுப்பில் கைவைத்துக்கொண்டு நின்றார். "என்ன பூட்டுக்காரரே, உங்களுக்கே பூட்டா?" என்றார். அந்த ஒரு கேள்வியைக் கேட்பதற்காகவே காசு போட்டு வாங்கியிருப்பார் என்று நினைக்கிறேன்.

அதோடு விட்டிருந்தால் நானும் சிரித்துவிட்டுப் போயிருப்பேன். "ஒண்ணாம் தேதியிலேருந்து ஆப் இல்லாதவங்களுக்கெல்லாம் நான் எழுந்து வந்து கதவு திறந்துகிட்டிருக்க முடியாது. உங்களுது வேற நேரங்கெட்ட நேரத்துல வீட்டுக்கு வர்ற தொழில். முடியலன்னா வேற வீடு பாத்துக்கங்க" என்று சொல்லிவிட்டார். உன் அக்கா மாடிப்படியில் நின்று கேட்டுக்கொண்டிருந்தாள். மேலே போய்த் தையல் மிஷின் முன்னால் உட்கார்ந்து, ஜன்னலையே பார்த்துக்கொண்டிருந்தாள். அந்த ஜன்னல் வெளிச்சத்தில்தான் அவள் ஊசியில் நூல் கோர்க்கிறாள், உனக்குத் தெரியும். அந்த நிமிஷமே முடிவு செய்துவிட்டேன். இந்தப் போனில் அந்த ஆப் ஏறித்தான் ஆகவேண்டும். அது ஏறாவிட்டால் நான் போன்மேல் ஏறிவிடுவேன்.

இதையெல்லாம் போனிலேயே சொல்லித் தொலைக்க வேண்டியதுதானே என்று கேட்பாய். போன் இப்போது ஜன்னல் கட்டையில் படுத்திருக்கிறது. நெட் அங்கேதான் கொஞ்சமாவது எட்டிப் பார்க்கிறது. ஆப் பாதிகூட இறங்கவில்லை. "நடுவுல போன் கீன் பேசிடாதீங்கண்ணே, நின்னுடும்" என்று போன் கடைக்காரர் கையில் அடித்துச் சத்தியம் வாங்கியிருக்கிறார். அதனால்தான் காகிதம். என் எழுத்தைப் பொறுத்துக்கொள். எழுத்து ஒழுங்காக வந்திருந்தால் நான் ஏன் சாவி ராவப் போகிறேன்?

முதல் தடவை நானேதான் முயற்சி செய்தேன். வீட்டுக்காரர் அனுப்பியதைத் தட்டினேன். "உங்கள் சாதனத்துக்கு இந்தச் செயலி பொருந்தாது" என்று பட்டென்று சொல்லிவிட்டது. ஒரு வாய் தண்ணீர் குடிக்கிறீர்களா என்றுகூடக் கேட்கவில்லை. என்ன குறை என்று நர்ஸம்மாவிடம் காட்டினேன். போனுக்குள் இருக்கிற மென்பொருள் பழசாம், அதைப் புதுப்பிக்க வேண்டுமாம். சரி என்று உள்ளே போய்த் தேடிக் கண்டுபிடித்துப் புதுப்பி என்று தட்டினால், "உங்கள் மென்பொருள் புத்தம் புதியதாகவே உள்ளது" என்கிறது போன்! ஆப்போ நீ பழசு என்கிறது. போனோ நான் புதுசு என்கிறது. திரும்பவும் தட்டினேன். திரும்பவும் புதுசுதானாம். வயசை ஒத்துக்கொள்ளாமல் இப்படி அடம்பிடிப்பது யார் வீட்டுப் பழக்கம் என்று உன் அக்காவிடம் கேட்டேன். "என் தம்பிக்கு ஒரு நரைகூடக் கிடையாது" என்றாள். நான் யார் பேரையும் சொல்லவில்லை மச்சான்.

விடுவேனா? போன் கடைக்குப் போனேன். கடைக்காரர் போனை வாங்கி முன்னும் பின்னும் திருப்பி, இறந்துபோன யாரையோ பார்ப்பதுபோல் பார்த்தார்.

"அண்ணே, இதுக்கு வயசாயிடுச்சு. கம்பெனிக்காரனே கைவிட்டுட்டான். மாத்திடுங்க."

"எனக்கும்தான் வயசாயிடுச்சு. என் வீட்டுக்காரி மாத்திட்டாளா?"

"அவங்களுக்கு எக்ஸ்சேஞ்ச் ஆபர் கிடைச்சிருக்காதுண்ணே."

அந்தப் பதிலுக்காகவே அவரிடம் நம்பிக்கை வந்துவிட்டது. கிண்டல் பண்ணத் தெரிந்தவன் வேலையும் தெரிந்தவனாகத்தான் இருப்பான். நான் கல்லாப்பெட்டிக்கு எதிரே ஸ்டூலை இழுத்துப் போட்டு உட்கார்ந்துவிட்டேன், ஆப் ஏறாமல் எழுந்திருக்க மாட்டேன் என்று. அவர் நோண்டிப் பார்த்துவிட்டு, போனில் தேதியே தப்பு என்று கண்டுபிடித்தார். சார்ஜ் அடியோடு தீர்ந்தபோதெல்லாம் அது பழைய காலத்துக்குப் போய்விடுமாம். அது காட்டிய வருஷத்தில் எனக்குத் தலை நிறைய முடி இருந்தது. "தேதியச் சரி பண்ணினாத்தான்ணே எவனும் இது கூடப் பேசுவான்" என்று மாற்றினார். நான் தடுக்கலாமா என்று ஒரு நொடி யோசித்தேன்.

அப்புறம் ஒரு நல்ல சேதி சொன்னார். பூட்டுக் கம்பெனிக்காரர்கள் பழைய போன்களுக்கென்று பழைய ஆப் ஒன்றை இன்னும் வைத்திருக்கிறார்களாம். "இதுல யார் வந்தா, யார் போனான்னெல்லாம் காட்டாது. கதவ மட்டும் திறக்கும்" என்றார். "கதவு எனக்குக் கதை சொல்ல வேணாம்பா, திறந்தாப் போதும்" என்றேன். இறக்குவதற்குத் தட்டினார். தட்டியவர் நெற்றியைச் சுருக்கினார். "இடமே இல்லண்ணே. உள்ள பூரா யாரோ ஒருத்தர் போட்டோ."

அந்த யாரோ ஒருத்தர் நீதான்.

போனைக் கொடுக்கும்போது உன்னை அதிலிருந்து எடுத்துக்கொண்டு போயிருக்கக் கூடாதா? நீ யாருடைய காரிலோ சாய்ந்துகொண்டு நிற்கிறாய். யாருடைய பைக்கிலோ உட்கார்ந்திருக்கிறாய். நிழலில் நின்றுகொண்டு கூலிங் கிளாஸ் போட்டிருக்கிறாய். யாருமே கூப்பிடாத போனில் பேசிச் சிரிக்கிறாய். அதே சட்டை, அதே சிரிப்பு, தலை மட்டும் ஒரு விரற்கடை திரும்பினபடி ஒரு நூறு படம் இருக்கும். நான் அங்கேயே உன்னை அழித்திருப்பேன். ஆனால் உன் அக்காவைக் கேட்காமல் செய்தால் ஆப் ஏறினாலும் எனக்குக் கதவு திறக்காது. வீட்டுக்குக் கொண்டுவந்தேன்.

மிஷினை நிறுத்திவிட்டு மூக்குக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு வந்து உட்கார்ந்தாள்.

"இது வேணாம்தானே?" என்றேன்.

"அய்யோ, அது புதுச் சட்டைங்க."

"இது?"

"அதுல அவன் ஏதோ யோசிக்கிறான் பாருங்க."

"எதை வச்சு?"

"அழிச்சுத்தான் பாருங்களேன், அப்புறம் தெரியும்."

"இங்க பாரு, உனக்கு வீடு வேணுமா, தம்பி வேணுமா?" என்று கேட்டேன். கொஞ்ச நேரம் யோசித்தாள் மச்சான். அந்த யோசனைதான் எனக்கு வலித்தது. பிறகு போனை என் கையிலிருந்து வாங்கி, என் கடைப் பலகையின் படம், என் சாவி ராவும் மிஷினின் படம், நான் புதுச் சட்டையில் நின்ற ஒரே படம், மூன்றையும் என் கண்ணெதிரிலேயே அழித்துவிட்டு, "இப்ப இடம் இருக்கான்னு பாருங்க" என்றாள். இல்லை. அடுத்ததாக என் கேரம் விளையாட்டையும் தூக்கச் சொன்னாள். அதில் நான் ராஜா பட்டம் வாங்கியிருந்தேன். கிரீடம்கூடக் கொடுத்திருந்தார்கள். கிரீடத்தோடு சேர்த்துத் தூக்கினேன். அப்போதும் போதவில்லை.

பிறகுதான் அந்த வீடியோ வந்தது. உன் சிநேகிதன் கல்யாணத்தில் மைக்கைப் பிடுங்கி நீ பாடினாயே, அது. அது ஒன்றே நூறு படத்தின் இடத்தைப் பிடித்துக்கொண்டிருக்கிறது என்று கடைக்காரர் ஏற்கெனவே சொல்லியிருந்தார். இதை அழித்தால் ஊருக்கே உபகாரம் என்று வாய்வரைக்கும் வந்தது. அவள் அதை ஓட விட்டாள். நீ பாடினாய். நான் பல்லைக் கடித்துக்கொண்டு கேட்டேன். கடைசியில், "டேய், போதும்டா. எல்லாரும் சாப்பிடப் போகணும்" என்று மாமாவின் குரல். படம் பிடித்தவரே அவர்தானே. முகம் கிடையாது. திரையில் ஒரு ஓரத்தை மறைத்துக்கொண்டு அவருடைய கட்டைவிரல் மட்டும் தெரியும்.

மாமா காலமான பிறகு எத்தனை நாளாக அவள் அதைத் தனியாகப் போட்டுக் கேட்கிறாள் என்று எனக்குத் தெரியாது. உன் பாட்டை ரசிக்கிறாள் என்றுதான் இதுவரை நினைத்திருந்தேன், அவள் காதைப் பற்றிக் கவலையும் பட்டிருக்கிறேன். "கடைக்காரர்கிட்ட குடுத்தா அவர் கம்ப்யூட்டர்ல போட்டு வச்சுக்குவார்" என்றேன். "என் அப்பாவ யாரோ ஒருத்தர் கடையில விட்டுட்டு வரணுமா?" என்றாள். போனை அவள் பக்கமே தள்ளி வைத்தேன். கொஞ்ச நேரம் கழித்து அவளே, "தம்பி படத்தையெல்லாம் அழிச்சிடுங்க. அவன நேர்ல வரவச்சுப் பாத்துக்கலாம்" என்று சொல்லிவிட்டு எழுந்து போனாள்.

அழித்தேன். ஒவ்வொரு தடவையும் "நிச்சயமாக அழிக்கவா?" என்று போன் கேட்டது. இவ்வளவு நிச்சயமாக நான் எந்தக் கேள்விக்கும் பதில் சொன்னதில்லை.

பிறகு கடைக்காரர் காட்டிக்கொடுத்தபடி பழைய ஆப்பை மறுபடி இறக்கத் தட்டிவிட்டுத்தான் இதை எழுத உட்கார்ந்தேன். இதோ, போன் ஒரு சத்தம் போட்டது. இரு, பார்த்துவிட்டு வருகிறேன்.

இறங்கிவிட்டது! ஆனால் உடனே ஏறவில்லை. தெரியாத இடத்திலிருந்து வருகிறது, அனுமதிக்கவா என்று கேட்டது. சரி என்றேன். நான் இருக்கும் இடம் தெரிய வேண்டுமாம். சரி. என் போனில் இருக்கும் நம்பர்களையெல்லாம் பார்க்க வேண்டுமாம். "கதவு திறக்குறதுக்கு நம்பர் எதுக்கு?" என்றேன். "திறக்கலன்னா யாரையாவது கூப்பிட்டுச் சொல்லணும்ல, கேட்குறதக் குடுங்க" என்றாள் உன் அக்கா. அதற்கும் சரி. கடைசியில் பச்சையாக ஒரு வட்டம் வந்தது. இரண்டு பேரும் செருப்புப் போடாமலே கீழே ஓடினோம்.

கதவுக்கு வெளியே நின்று சாத்திக்கொண்டோம். வீட்டுக்காரரும் வந்துவிட்டார், உள்ளே நின்று கதவுக் கண்ணாடி வழியாகப் பார்த்துக்கொண்டிருந்தார். தட்டினேன். வெள்ளை வளையம் ஒன்று சுற்ற ஆரம்பித்தது. சுற்றியது. சுற்றிக்கொண்டே இருந்தது. உன் அக்கா என் முழங்கையைக் கிள்ளிப் பிடித்துக்கொண்டிருந்தாள். வீட்டுக்காரர் கொட்டாவி விட்டார். டிக் என்று ஒரு சத்தம். எத்தனையோ பூட்டு திறந்த சத்தம் கேட்டிருக்கிறேன், இந்தச் சத்தம் மாதிரி இனித்ததில்லை. சந்தோஷத்தில் உன் அக்காவைப் பார்த்துச் சிரித்துக்கொண்டு நின்றதில் மறுபடியும் பூட்டிக்கொண்டது. அதனால் என்ன? இன்னொரு தடவை தட்டினேன். இன்னொரு தடவை சுற்றியது. திறந்தது. உள்ளே போனோம்.

"போன்லதான் திறந்தீங்களா, இல்ல உங்க வேலையக் காட்டிட்டீங்களா?" என்றார் வீட்டுக்காரர். இரண்டு உள்ளங்கையையும் விரித்துக் காட்டினேன். "ஓட்டையே இல்லாத பூட்டுல என்ன சார் வேலையக் காட்டுறது?" என்றேன். "சரி சரி, இருங்க" என்று சொல்லிவிட்டு உள்ளே போய்விட்டார். அந்த 'இருங்க' என்ற சொல்லை உன் அக்கா படியேறும்போது இரண்டு தடவை சொல்லிப் பார்த்துக்கொண்டாள். இப்போது மிஷின் சத்தம் கேட்கிறது.

ஆகவே மச்சான், இனி யார் வந்து புது போன் வாங்கு என்று சொன்னாலும் இந்தப் போனை நான் விடுவதாக இல்லை. நானும் அதுவும் சேர்ந்து அந்தக் கதவைத் தினமும் திறந்து காட்டப் போகிறோம். உன்னிடம் கேட்பது ஒன்றுதான். அடுத்த தடவை வரும்போது ஒரு வயரைக் கொண்டுவந்து அந்த வீடியோவை உன் புது போனிலும் ஏற்றி வைத்துக்கொள். நீ கொண்டுபோனால் உன் அக்கா ஒன்றும் சொல்ல மாட்டாள். பாட்டையும் சேர்த்துத்தான் எடுத்துக்கொள்ள வேண்டும், வெட்டிவிடாதே. பாட்டு இல்லாவிட்டால் மாமா திட்டுவதற்குக் காரணம் இருக்காது.

உனக்கு முன்னால் பிறந்துவிட்டேன் என்ற ஒரே தகுதியை வைத்துக்கொண்டு உன்னையும் உன் வீட்டாரையும் மனதார வாழ்த்துகிறேன். உன் அக்காவும் வாழ்த்தச் சொல்கிறாள், உடம்பைப் பார்த்துக்கொள்ளவும் சொல்கிறாள்.

இப்படிக்கு,
வீட்டுக்குள்ளிருந்து,
உன் அத்தான்

பின்குறிப்பு: கடிதத்தை ஒட்டாமல் வைத்திருந்தேன், மறுநாள் காலையில் இதைச் சேர்க்கிறேன். வீட்டுக்காரருடைய விலை உயர்ந்த போன் நேற்று ராத்திரி தன்னைத்தானே புதுப்பித்துக்கொண்டதாம். அப்போதிலிருந்து ஆப் திறக்க மறுக்கிறதாம். கம்பெனிக்காரர்கள் வந்து பார்க்கும்வரை கதவு மூடாமலிருக்க அவரே ஒரு செங்கல்லை இடுக்கில் வைத்திருக்கிறார். யாரும் எதையும் தட்ட வேண்டியதில்லை, சும்மா நடந்து போகலாம். நான் போனை நீட்டிப் பிடித்து வளையத்தையே பார்த்துக்கொண்டு போனதில் செங்கல்லில் இடித்துக்கொண்டேன். வலது கால் சுண்டுவிரல் நகம் போய்விட்டது. மேல்மாடி நர்ஸம்மா கட்டுப் போட்டுவிட்டார்.