காயவைத்த கட்டு

"கட்டு என்ன வெல்லமா, தண்ணி பட்டாக் கரைய? எனக்கு மட்டும் கை ஒடியட்டும், கட்டோடவே அறுப்பை முடிச்சுக் காட்டுறேன்!"

கீழ்வேளூர் டீக்கடையில், கால் முறிந்து மாவுக்கட்டோடு உட்கார்ந்திருந்த மதிவாணனிடம் துரைராசு இப்படி முழங்கியபோது நீங்கள் அங்கே இருந்திருக்க வேண்டும். அவர் ஒரு தனிமனிதரா? இல்லை, ஓர் இனம். கட்டு நிபுணர் இனம். எந்த வீட்டில் எலும்பு முறிந்தாலும் ஆரஞ்சுப் பழத்தோடு நுழைவார், தர்பூசணி வாங்குகிறவர் போலக் கட்டைத் தட்டிப் பார்ப்பார், "இறுக்கிப்புட்டானுங்களே" என்று உச்சுக்கொட்டுவார், அரித்தால் குடைக்கம்பியை உள்ளே விடச் சொல்வார், தலையணைமேல் உயர்த்தி வைத்திருக்கும் காலை, "இதென்ன ராஜா வீட்டுக் காலா?" என்று கீழே இறக்கிவிட்டு, கொண்டுவந்த பழத்தில் பாதியைத் தானே தின்றுவிட்டுக் கிளம்புவார். டாக்டர் படிப்பா? அது விஷயம் தெரியாதவர்கள் படிப்பது.

குறுவை அறுப்பு நேரம் பார்த்து வரப்பு வழுக்கியது. துரைராசுவின் வலது மணிக்கட்டு முறிந்தது.

"நனைக்காதீங்க. கையைத் தூக்கியே வச்சிருங்க. விரலை அடிக்கடி ஆட்டுங்க. வீங்கினாலோ மரத்துப்போனாலோ உடனே ஓடி வாங்க" என்றார் டாக்டர் ஹுமைரா. துரைராசு தலையை ஆட்டினார். விரலை ஆட்டவில்லை.

மறுநாளே மண்வெட்டியோடு வயலில் இறங்கி, தேங்கிய தண்ணீரை வடித்தார். கட்டு ஊறிப்போனது.

"என்னங்க இது! கோணலா ஒட்டுனா மறுபடி ஒடிச்சுக் கட்டணுமாமே. அப்புறம் எந்தக் கையால மண்வெட்டி பிடிப்பீங்க?" என்று பதறினாள் மனைவி அமிர்தம்.

"அடிப் போடி. நெல்லு காயுது, இது காயாதா?"

தார்ச்சாலையில் பரப்பியிருந்த நெல்லுக்குப் பக்கத்தில் தாமும் படுத்து, அமிர்தம் காலால் நெல்லைத் துழாவும்போதெல்லாம் கையைப் புரட்டிப் போட்டுக் காயவைத்தார். சாயங்காலம் ஒரு நெல்லைக் கடித்தார், நறுக்கென்றது. கட்டைத் தட்டினார், டொக்கென்றது.

"ரெண்டும் நல்ல பதம்!"

வெளியேதான் பதம். உள்ளே பஞ்சு ஊறிக் கிடந்தது. முதலில் அரிப்பு வந்தது. குடைக்கம்பி உள்ளே போனது. அப்புறம் நாற்றம் வந்தது. கடைசியில் விரல்கள் சேப்பங்கிழங்காய் வீங்கி மரத்துப்போக, அமிர்தம் அவரை இழுத்துக்கொண்டு ஆஸ்பத்திரிக்கு ஓடினாள்.

கட்டை வெட்டிப் பிரித்த ஹுமைரா, கம்பி கிழித்துச் சீழ் கோத்திருந்த தோலைப் பார்த்தார். "இன்னும் கொஞ்சம் விட்டிருந்தா கையே போயிருக்கும். யாருங்க கம்பி விடச் சொன்னது?"

நிபுணர் கூரையைப் பார்த்தார்.

புண் ஆறி, புதுக் கட்டுப் போட்டு, கையைத் தலையணைமேல் ஏற்றி வாசலில் உட்கார்ந்து, யாரும் சொல்லாமலே விரலை ஆட்டிக்கொண்டிருந்தார். கட்டுப் பிரித்த காலோடு மதிவாணன் வந்தான்.

"என்ன மாமா, ராஜா வீட்டுக் கையா?"

பதில் சொல்வதற்குள் தூறல் விழுந்தது. அமிர்தம் தார்ப்பாயைத் தூக்கிக்கொண்டு, கடைசியாக அறுத்த நெல்லை மூட ஓடினாள். துரைராசு கட்டின்மேல் பிளாஸ்டிக் பையைக் கவிழ்த்துக்கொண்டு வீட்டுக்குள் ஓடினார்.

சிரிக்காதீர்கள். போன மாதம் நீங்களும் ஒருவரைப் பார்க்கப் போனீர்களே, கட்டைத் தட்டிப் பார்த்தது யார்? சரி, அந்தப் பாதி ஆரஞ்சைத் தின்றது?