பஸ் ஸ்டாண்டில் இறங்கிய பேனர்

அக்கா மகள் படிக்கும் வகுப்புக்கு வாத்தியாராகப் போகக் கூடாது. போனாலும் வாயை அடக்கிக்கொள்ள வேண்டும். எனக்கு அது வரவில்லை.

தா.பழூர் பக்கத்துப் பள்ளியில் அப்போது எனக்கு வேலை புதிது. எட்டாம் வகுப்புக்கு வளரிளம் பருவம் பற்றிப் பேச வேண்டும் என்றதும் மூத்த ஆசிரியர்கள் எல்லோருக்கும் ஒரே நாளில் தொண்டை கட்டிக்கொண்டது. நான் மார்தட்டிக்கொண்டு போனேன். பருவ மாற்றம், மாதவிடாய் எல்லாவற்றையும் கரும்பலகையைப் பார்த்தபடியே சொல்லி முடித்தேன். (பிள்ளைகள் முகத்தைப் பார்க்கத் தைரியம் வேண்டுமே.) சம்மதம் பற்றிய பகுதி வந்த பிறகுதான் வீரம் வந்தது.

"ஒருத்தருக்குப் பிடிக்காததை யாரும் செய்யக் கூடாது. வேணாம்னா வேணாம்தான்," என்று மேசையைத் தட்டினேன்.

அக்கா மகள் கயல்விழி எழுந்தாள். "வூட்டுல உள்ளவங்களுக்கும் இது உண்டா சார்?"

"யாரா இருந்தாலும் கேட்டுத்தான் செய்யணும்."

"அப்ப பஸ் ஸ்டாண்டுல கட்டியிருக்கிற என் பேனரை அவுத்துடுங்க மாமா. என்னை யாருமே கேக்கல. பள்ளிக்கூடம் வரவே கூச்சமா இருக்கு."

வகுப்பு சிரித்தது. அவள் சிரிக்கவில்லை, கண் கலங்கியிருந்தாள். அவளுடைய மஞ்சள் நீராட்டு விழாவுக்குத் தாய்மாமன் என்ற மிதப்பில் அந்தப் பேனரை வைத்தவனே நான்தான். (அவள் படத்தைவிட, கூலிங் கிளாஸ் போட்ட என் படம் பெரிது.) எனக்கு வெட்கமாகப் போய்விட்டது.

சாப்பாட்டு இடைவேளையில் ஏணியைத் தூக்கிக்கொண்டு போய் ஏறினேன். "என்ன சார், விசேஷம் நின்னுபோச்சா?" என்று டீக்கடையிலிருந்து ஒருவர் கேட்டார். வாயில் கயிற்றைக் கவ்வியிருந்தேன். நான் கீழே இறங்குவதற்குள் அக்காவிடமிருந்து போன்.

"ஏண்டா, சீர் செய்ய வக்கில்லன்னா முன்னாடியே சொல்லித் தொலைச்சிருக்கலாம்ல?"

இந்த முறை கயலைக் கேட்டோம்; அவள் ஆசைப்பட்டபடியே விழா வீட்டோடு முடிந்தது. பந்தியில் எனக்கு மட்டும் அக்கா பாயசம் வைக்கவில்லை.

பிறகு செட்டிகுளம் முருகன் கோயிலில் எனக்குக் கல்யாணம். தாலியைக் கையில் எடுத்தேன். கூட்டத்திலிருந்து கயல், "மாமா, அத்தையக் கேட்டீங்களா?" என்றாள். குருக்கள் மந்திரத்தை நிறுத்திவிட்டார். வேறு வழியில்லாமல் கேட்டேன்.

மணப்பெண் என்னை மேலும் கீழும் பார்த்துவிட்டு, "கொஞ்சம் இருங்க, யோசிச்சுக்கறேன்," என்றாள்.

அவள் யோசித்து முடிக்கும்வரை நான் விழித்த விழி கல்யாண வீடியோவில் அப்படியே இருக்கிறது. வீட்டுக்கு யார் வந்தாலும் அக்கா அதைத்தான் போட்டுக் காட்டுகிறாள். அதற்கு மட்டும் யாரும் என் சம்மதத்தைக் கேட்பதில்லை.