பின் சீட்டின் எடை

காலை ஏழேகால் மணிக்கு என் புத்தி கெட்டது. அதுவரை நான் நல்ல மனிதனாகத்தான் இருந்தேன். குளித்து, திருநீறு பூசி, வாசலில் நின்ற மோட்டார் காரைக் கண்குளிரப் பார்த்துக்கொண்டிருந்தேன்.

தம்போய்ப் பக்கம் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் நான் கிராணி, அதாவது கணக்குப்பிள்ளை. கார் வாங்குகிற சம்பளம் கிடையாது. ஆனால் மகள் ராஜம் தலைப்பிரசவத்துக்கு மூவாரிலிருந்து எங்கள் வீட்டுக்கு வந்திருந்தாள். அனுப்பும்போதே சம்பந்தியம்மாள், "தோட்டத்துக் காடாச்சே, வலி எடுத்தா ஆஸ்பத்திரிக்கு எதுல கொண்டு போவீங்க?" என்று கேட்டுவிட்டார். (அவர் கேட்டால் பதில் சொல்லித்தான் ஆகவேண்டும்.) அந்தப் பதில்தான், சிங்கப்பூரில் யாரோ ஓட்டித் தீர்த்த இந்தக் கார்.

ஜொகூரில் ஓட ஜொகூர் நம்பர் வேண்டும். யானை வாங்கினவன் அங்குசத்துக்கு அழுத கதை அப்போதுதான் எனக்கு விளங்கிற்று. பதிவுக்கு ஒரு கட்டணம், நம்பர் பலகைத் தகரத்துக்கு ஒன்று, அதில் எழுத்து எழுதுகிறவருக்கு ஒன்று. எல்லாவற்றிலும் பெரிய பூதம் எடைக் கட்டணம். வண்டி எவ்வளவு கனமோ அவ்வளவு வரி.

எடை என்றதும் எனக்குள்ளிருந்த கிராணி விழித்துக்கொண்டான். மரத்தில் காய்ந்த ரப்பரான ஒட்டுப்பாலுக்குள் கல்லை வைத்து எடையைக் கூட்டுகிறவர்களைத் தராசடியிலேயே பிடித்தவன் நான். கூட்டுகிற வித்தையைக் கண்டுபிடித்தவனுக்குக் குறைக்கிற வித்தை தெரியாதா? ஸ்பானரை எடுத்தேன். பின் சீட், ஸ்பேர் டயர், ஜாக்கி, கூரைத் துணி, கால்மிதி என்று ஒவ்வொன்றாக வீட்டுக் கூடத்துக்குப் போய்ச் சேர்ந்தன.

மனைவி சிவகாமி வந்து நின்றாள்.

"என்னங்க, ராஜம் இடுப்பு வலிக்குதுங்கறா."

"மருந்து குடுக்கிற தோட்டத்து டிரெஸர் இன்னும் பத்து நாள் ஆகும்னு சொல்லிட்டாரு. சோம்புத் தண்ணி வச்சுக் குடு. மத்தியானத்துக்குள்ள வந்துருவேன்."

"அவர் சொன்னது வயித்துல இருக்கிற பிள்ளைக்குத் தெரியுமா?"

காரைக் கிளப்பினேன்.

ஜொகூர் பாருவில் அலுவலகத்தார் முதல் வேலையாகப் பழைய சிங்கப்பூர்ப் பலகைகளைக் கழற்றி மேசைக்கு அடியில் போட்டார்கள். வண்டிக்கு இப்போது ஊரும் இல்லை, பேரும் இல்லை. பிறகு எடைமேடையில் ஏற்றினார்கள். எடையைக் கேட்டு நான் மனதுக்குள் துள்ளினேன். மலாய் அதிகாரி துள்ளவில்லை. வண்டியை ஒருமுறை சுற்றி வந்து பின்னால் எட்டிப் பார்த்தார்.

"கிராணி, இனி கெரெத்தாகா, லோரிகா?"

காரா, லாரியா என்று கேட்கிறார். கார்தான், துவான் என்று மரியாதையாகச் சொன்னேன். அப்படியானால் பின்னால் ஆட்கள் எங்கே உட்காருவார்கள்? சீட் இல்லாவிட்டால் அது சாமான் வண்டி, அதற்குக் கட்டணம் வேறு என்றார். (அதிகம் என்று நான் தனியாகச் சொல்ல வேண்டியதில்லை.) கார் என்றால் நாளைக்கு சீட்டைக் கொண்டுவந்து மாட்டு, மறுபடி எடை போடலாம். அதுவரை வண்டி இங்கேயே நிற்கட்டும். நம்பர் இல்லாமல் ரோட்டில் இறங்கக் கூடாது.

அந்த நேரத்தில்தான் எங்கள் தோட்டத்து முத்தையா கங்காணி சைக்கிளிலிருந்து விழாத குறையாக இறங்கி ஓடிவந்தார்.

"கிராணியாரே! பாப்பாவுக்கு வலி கண்டிருச்சு! காரை உடனே கொண்டாரச் சொல்றாங்க அம்மா!"

"லோரி, துவான்! லோரிதான்!" என்று கத்தினேன். பையிலிருந்த பணம் முழுவதும் மேசைக்குப் போயிற்று.

வெளியே மரத்தடியில் நம்பர் எழுதும் சீனர் தகரத்தைத் துடைத்தார். மறுபடியும் துடைத்தார். தூரிகையின் நுனியை வெயிலில் பிடித்துப் பார்த்தார்.

"சப்பாட் லா, தவ்க்கே! சீக்கிரம், முதலாளி! மகளுக்குப் பிரசவம்!"

"சபார் லா," பொறுமை என்றார். அவசரப்பட்டால் எழுத்து கோணுமாம், கோணினால் போலீஸ் பிடிக்குமாம்.

என் அக்கா தலைப்பிரசவத்தில்தான் போனாள். வைத்தியரைக் கூப்பிடப் போன ஆள் திரும்பி வருவதற்குள் எல்லாம் முடிந்துவிட்டது. நான் கார் வாங்கியது சம்பந்தியம்மாளுக்குப் பயந்து மட்டுமல்ல. அந்தச் சீனர் ஒவ்வொரு எண்ணையும் வளைத்து வளைத்து எழுதியபோது நான் மரத்தைச் சுற்றிச் சுற்றி வந்தேன். அவர் நிமிர்ந்துகூடப் பார்க்கவில்லை.

ஈரம் காயாத பலகையோடு புறப்பட்டோம். கங்காணி முன்னால், அவர் சைக்கிள் பின்னால், சீட் இருந்த இடத்தில். உண்மையிலேயே லாரிதான். பாதி வழி வந்திருப்போம். 'டப்' என்று ஒரு சத்தம், வண்டி ஒரு பக்கமாகச் சாய்ந்து நின்றது.

"ஸ்பேர் டயர் எங்கங்க?" என்றார் கங்காணி.

"வீட்டுல."

"ஜாக்கி?"

"அதுவும் வீட்டுல."

கங்காணி என்னை மேலும் கீழும் பார்த்தார். "நீங்க மட்டும் எதுக்குங்க வந்தீங்க? நீங்களும் கனந்தானே?"

வேறொரு நாளாக இருந்தால் கோபப்பட்டிருப்பேன். அன்று அவர் சொன்னது சரி என்றே பட்டது. சைக்கிளை இறக்கினோம். எனக்கு ஓட்டத் தெரியாது; கங்காணி வீடு போய்ச் சேர்ந்தாலும் மகளைச் சைக்கிளிலா ஏற்றி வருவார்? ரோட்டோரப் புல்லில் உட்கார்ந்துவிட்டேன். தெரிந்த சாமிகளையெல்லாம் கூப்பிட்டேன். ஜொகூர் பாரு மாதா கோயிலுக்கும் ஒரு மெழுகுவர்த்தி நேர்ந்துகொண்டேன்.

அப்போது வளைவில் மணிச்சத்தம் கேட்டது. தோட்டத்து மாட்டுவண்டி ஒன்று ஜொகூர் பாருவை நோக்கி வேகமாக வந்துகொண்டிருந்தது. வண்டிக்குள் கயிறு போட்டுக் கட்டியிருந்தது, நான் காலையில் கழற்றி வைத்த பின் சீட். (இன்றைக்கு என் பேரன் ஏறிக் குதித்து, "லாரித் தாத்தா, ஓட்டுங்க!" என்று கூவுவது அதே சீட்டில்தான்.) சிவகாமி ஒரு கையால் குடை பிடித்து, மறு கையால் மகளைத் தாங்கியிருந்தாள். என் பக்கம் திரும்பவே இல்லை. ராஜம்தான் வண்டியை நிறுத்தச் சொன்னாள். முகமெல்லாம் வேர்வை. சீட்டின் ஓரத்தை இறுகப் பிடித்தபடி, வலி சற்று விட்ட நேரம் பார்த்துச் சொன்னாள்:

"ஏறி உட்காருங்கப்பா. நம்ம காரு சீட்டுதான்."