ஒரு நிமிஷம், அர்த்தம் பாத்துடறேன்

சிசிலியா பெரியம்மா அருள்பிரகாஷோடு பேசி மூன்று நாளாகிறது.

"என் பேரையே வைங்களேன்" என்று ஆசையாகத்தான் கேட்டாள். கண்புரை ஆபரேஷன் முடிந்த கறுப்புக் கண்ணாடியோடு, வைத்திக்குப்பத்திலிருந்து ஆட்டோ பிடித்து, குழந்தையைப் பார்க்க வந்தவள். அவளிடம் போய், "அந்தப் பேருக்கு லத்தீன்ல குருடுனு அர்த்தம் பெரியம்மா" என்று சொல்லலாமா? சொன்னான்.

அவனைச் சொல்லிக் குற்றமில்லை, பிழைப்பு அப்படி. தட்டாஞ்சாவடியில், குழந்தைப் பெயர்களுக்கென்றே ஆப் நடத்தும் கம்பெனி ஒன்றில் வேலை. எந்தப் பெயர் எந்த மொழி, போட்டிருக்கும் அர்த்தம் சரிதானா என்று அகராதிகளைப் புரட்டிச் சரிபார்க்க வேண்டும். இணையத்தில் பாதிப் பெயர்களுக்குக் 'கடவுளின் பரிசு' என்று போட்டு வைத்திருப்பார்கள். இவன் உட்கார்ந்து அந்தப் பரிசுகளை ஒவ்வொன்றாகப் பிடுங்குவான்.

ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம். வெள்ளிக்கிழமை சாயங்காலத்துக்குள் கோயில் ஆபீசில் பெயர் எழுதிக் கொடுத்தாக வேண்டும்.

மாமனார் லூர்துநாதன் சமாதானமாக ஆரம்பித்தார். "மாப்ள, எங்கம்மா பேரு க்ளோதின். பிரெஞ்சுப் பேரு. ஸ்டைலா இருக்கும்."

"ஒரு நிமிஷம் மாமா, அர்த்தம் பாத்துடறேன்." பார்த்தான். "நொண்டினு வருது."

"எங்கம்மாவுக்குக் கால் இழுக்கும். தெரியுமில்ல?"

அருள்பிரகாஷுக்குத் தெரியாது. அவசரமாகச் சமாளித்தான். "தப்பா நெனைக்காதீங்க மாமா. ரோமாபுரி ராஜா ஒருத்தருக்கே அந்த வழிப் பேருதான். அவரும் நொண்டிதான்."

லூர்துநாதன் எழுந்து போய்விட்டார்.

மாமியார் ஸ்டெல்லாமேரி விடவில்லை. "வெரோனிகா வைங்க. ஆண்டவர் முகத்தத் தொடச்ச புண்ணியவதி. உண்மையான முகம்னு அர்த்தம், சாமியாரே சொல்லிருக்காரு."

"அது பின்னால கட்டிவிட்டது அத்தை. ஒரு கிரேக்கப் பேருதான் திரிஞ்சு அப்படி ஆச்சு."

"அப்ப சிலுவைப்பாதையில ஆறாம் ஸ்தலத்துல இத்தன வருஷமா நான் முட்டி போட்டது பொய்யா?"

வியாழக்கிழமை மத்தியானச் சோற்றை வீடே மௌன விரதத்தில் தின்றது.

அவன் மனைவி மெரின், குழந்தையின் துணிகளை மடித்துக்கொண்டிருந்தாள். பக்கத்தில் போய் உட்கார்ந்தான்.

"ஒரே ஒரு பேரு சுத்தமா இருக்கு மெரின். சரிதா. நதினு அர்த்தம். மூணு அகராதியும் ஒண்ணாச் சொல்லுது. ஒரு குறையும் இல்ல."

மெரின் நிமிர்ந்தாள். கண் நிறைந்திருந்தது.

"அது வேணாம். வேற எது வேணா வைங்க."

"ஏன்?"

"வேணாம்னா வேணாங்க."

அவன் மேற்கொண்டு கேட்கவில்லை. கேட்கும் யோக்கியதை தனக்கு இல்லை என்று நினைத்தான். இரண்டு வருஷத்துக்கு முன் இதே மெரினுக்குத் தலைப்பிரசவம். வராந்தாவில் நாற்பது பெயர்களோடு நின்றிருந்தான். வார்டு கதவைத் திறந்து ஒரு பெண், "பாப்பாவுக்குப் பேரு என்ன சார்? சீக்கிரம்" என்றாள். "ஒரு நிமிஷங்க, ரெண்டு எடத்துல அர்த்தம் வேற வேறயா வருது" என்றான். எதற்காக அவசரமாகக் கேட்டாள் என்பது கதவு மறுபடி திறந்தபோதுதான் தெரிந்தது. மெரின் கட்டிலில் கிடக்க, அவன் மட்டும் போய் அடக்கம் செய்தான். சிலுவையில் 'குழந்தை' என்று மட்டும் எழுதினார்கள். அன்றிலிருந்து எந்தப் பெயரைப் பார்த்தாலும் அதில் எங்காவது ஒரு விரிசல் இருக்குமோ என்று அவனுக்குப் பயம்.

வெள்ளிக்கிழமை, கோயில் ஆபீசில் கேட்ட பிறப்புச் சீட்டை வாங்க, கன்னியாஸ்திரிகள் நடத்தும் அதே ஆஸ்பத்திரிக்குப் போனான். பிரசவ வார்டில் வேலை செய்யும் கமலவேணி அடையாளம் கண்டுகொண்டாள். அன்று கதவைத் திறந்து கேட்டவள் அவள்தான்.

"சின்ன பாப்பாவுக்குப் பேரு வச்சாச்சா சார்?"

அவ்வளவுதான். வாசல் பெஞ்சில் உட்கார்ந்து அழுதுவிட்டான். "எதுவும் சரியா வரலம்மா. மொத புள்ளையத்தான் பேரே இல்லாம அனுப்பிட்டேன்."

"பேரு இல்லாமப் போச்சுன்னு யாரு சார் சொன்னது?" என்றாள் கமலவேணி. "நீங்க ஒரு நிமிஷம்னீங்க. பாப்பாகிட்ட அது இல்ல. சிஸ்டர் டாக்டரக் கூப்புட ஓடிட்டாங்க. அவசரத்துக்கு யாரு வேணா தண்ணி ஊத்தி ஞானஸ்நானம் குடுக்கலாம்னு மதர் சொல்லிக் குடுத்திருக்காங்க. நான் துண்ணூறு பூசறவதான், ஆனாலும் ஊத்திட்டேன். அந்த நேரத்துல எம்பொண்ணு பேருதான் வாயில வந்துச்சு. 'சரிதா'னு வச்சேன்."

அவன் பெஞ்சிலிருந்து எழுந்துவிட்டான்.

"மெரினுக்குத் தெரியுமா?"

"மறுநாளே சொல்லிட்டேன் சார். உங்ககிட்டதான் சொல்ல வேணாம்னாங்க. 'அவரு அர்த்தம் பாத்து அதையும் தப்புனு அடிச்சிடுவாரு, அந்தப் பேராவது என்கிட்ட இருக்கட்டும்'னாங்க."