படத்தில் ஆணை பெறுகிறவர்

பெருமதிப்பிற்குரிய ஆசிரியர் ஐயாவுக்கு, செங்கமடையிலிருந்து சுடர்விழி வணக்கத்துடன் எழுதுவது.

வேலைக்கு நடுவே இதைப் படிக்க வைப்பதற்கு மன்னிக்கவும். பத்திரிகைக்கு எழுதும் பழக்கம் எங்கள் வீட்டில் இல்லை. கல்லூரிக்குப் போனதே நான்தான் முதல் ஆள்.

சென்ற மாதம் 14ஆம் தேதி, ஐந்தாம் பக்கத்தில், 'நீதிமன்ற உத்தரவு நிறைவேற்றம்' என்று ஒரு படம் போட்டிருந்தீர்கள். மாவட்ட அதிகாரியிடம் பணி ஆணை வாங்கும் பெண் நான். செய்தியில் பிழை இல்லை. வாங்கினேன்.

பணியிலிருக்கும்போதே அப்பா இறந்ததால், எனக்கு எட்டு வாரத்தில் வேலை தரும்படி நீதிமன்றம் சொல்லி இரண்டு வருடமாயிற்று. அவமதிப்பு வழக்குப் போட்டோம். நேரில் வரச்சொல்லி அதிகாரிக்கு உத்தரவு போனது. போக வேண்டிய நாளுக்கு முந்தின நாள் காலையில் எங்கள் வாசலில் ஜீப் நின்றது, அதிகாரி, கண்காணிப்பாளர், எழுத்தர் ஞானதுரை, உங்கள் நிருபர் எல்லாரும் இறங்கினார்கள், என்னைப் பிடித்துப் போக வந்திருக்கிறார்கள் என்று பக்கத்து வீட்டார் கதவைச் சாத்திக்கொண்டார்கள்.

"கொஞ்சம் சிரிம்மா. கட்டாயத்துல குடுக்கிற மாதிரி இருக்கு" என்றார் அதிகாரி.

"கட்டாயத்துலதானே சார் குடுக்குறீங்க?" என்றார் அம்மா.

படம் எடுத்தார்கள். பெற்றுக்கொண்டதாகக் கையெழுத்து வாங்கினார்கள். பிறகு ஞானதுரை சார் ஆணையையும் வாங்கிக்கொண்டார். "அசலை நாளைக்கு ஜட்ஜுகிட்ட காட்டணும்மா. அப்புறம் தபால்ல வந்துரும்."

மறுநாள், உத்தரவு நிறைவேறியது என்று வழக்கை முடித்துவிட்டார்கள். தபால் வரவில்லை. வேலையில் சேர நானே அலுவலகத்துக்குப் போனேன்.

"ஆணை எங்கம்மா?" என்றார் கண்காணிப்பாளர்.

"உங்ககிட்டதான் சார் இருக்கு."

"எங்ககிட்ட இருந்தா நீ எப்படி வாங்கியிருப்ப? இந்தா, கையெழுத்துப் போட்டிருக்கியே. சரி, ஆணை எண்ணைச் சொல்லு, தேடிப் பார்ப்போம்."

எண் எனக்குத் தெரியாது சார் என்றேன், ஏன்னா நான் கேமராவைத்தானே பார்த்துக்கிட்டிருந்தேன். பெற்ற முப்பது நாளில் சேராவிட்டால் நியமனம் ரத்தாம். இன்னும் பதினோரு நாள் இருக்கிறது. புது வழக்குப் போட்டால் அதற்குள் முடியாது என்கிறார் வக்கீல். அதிகாரி மேல் குறை சொல்ல மாட்டேன். நீதிமன்றம் கொடுக்கச் சொன்னது, கொடுத்தார். திரும்ப வாங்கக் கூடாது என்று அது சொல்லவில்லை.

தங்கள் நாளிதழும் தங்கள் வீட்டாரும் நலமாக இருக்க அம்மாவும் நானும் வேண்டுகிறோம்.

இப்படிக்கு,
ச. சுடர்விழி

பி.கு.: மேலே எழுதிய எதையும் தயவுசெய்து பிரசுரிக்க வேண்டாம். பிரசுரித்தால் மறுப்பு எழுதுவதிலேயே அந்தப் பதினோரு நாளும் அதிகாரியின் அலுவலகத்துக்குப் போய்விடும். எனக்கு வேண்டியது ஒன்றுதான். அந்தப் படத்தைப் பெரிதாக்கி, ஆணையின் மேல் மூலையில் உள்ள எண்ணை மட்டும் படித்துச் சொல்லுங்கள், ஐயா. என் கட்டைவிரல் அதை மறைத்திருந்தால், உங்கள் நிருபர் வேறு படம் எடுத்தாரா என்று கேட்டுச் சொல்லுங்கள்.